எதிர் கேட்டில் நின்ற பெண்

கும்மிடிப்பூண்டியில் எங்கள் வீட்டுக்கு எதிரே ஒரு பட்டறை மூடிக் கிடக்கிறது. அதன் கேட்டில் செக்யூரிட்டி உடுப்பும் தொப்பியும், தூசிக்கு மாஸ்க்குமாகப் பகலெல்லாம் ஒரு வாரம் நின்றேன். சம்பளத்துக்கு இல்லை, கலைக்கு. தன் வீட்டைத் தானே வெளியே நின்று காவல் காக்கிற பெண் யார் என்பது என் கேள்வி. தகரக் கூண்டு ஒன்று வைத்து அதற்குள் கேமராவை ஓடவிட்டிருந்தேன். கேட்க ஆழமாகத்தான் இருக்கும். நின்று பார்த்தால் கால் வலிக்கும், அவ்வளவுதான்.

அம்மா கம்பெனி கேன்டீனுக்குப் போனால் சாயங்காலம்தான் வருவாள். தெருவில் பாதிப் பேர் ஷிஃப்டில், மீதிப் பேர் தூக்கத்தில். கண்டுகொள்ள ஆளில்லை.

அந்தச் சமயத்தில்தான் எனக்கு வரன் பேசிக்கொண்டிருந்தார்கள். மாப்பிள்ளை பொதட்டூர்பேட்டைக்காரர். ஃபோட்டோவில் அசட்டுச் சிரிப்பு. ஃபோனில் பேசினால் என்னைவிட நன்றாகக் கிண்டல் செய்தார். எனக்குப் பிடித்துவிட்டது. கை நழுவிப் போய்விடுவாரோ என்று பயமாகக்கூட இருந்தது. நான் டிராயிங் டீச்சர் என்று அம்மா அவர்களிடம் சொல்லி வைத்திருந்தாள்.

வியாழக்கிழமை ஒரு பெரியவர் பைக்கை என் கேட்டோரம் நிறுத்தினார்.

"யம்மா, எதிர் ஊட்டுப் பொண்ணு எப்படி? எங்க அக்கா பையனுக்குப் பாக்குறோம்."

வரன் அமையும்போது தெருவில் விசாரிப்பது வழக்கம்தான். பெண்ணிடமே வந்து விசாரித்தவர் இவர் ஒருவராகத்தான் இருக்கும். அவர் பார்த்தது பட்டுப்புடவை ஃபோட்டோ. அவளைப் போய் இந்தத் தொப்பிக்குள் யார் தேடுவார்கள்?

"தங்கமான பொண்ணு சார்" என்றேன். அதோடு வாயை மூடியிருக்கலாம்.

"கோவம் வருமா?"

"வரும். ரெண்டு நாளு யாராண்டயும் பேசாது."

"டிராயிங் டீச்சராமே?"

தலையாட்டியிருந்தால் அன்றைக்கே நிச்சயம் ஆகியிருக்கும். மாஸ்க்குக்குள் பொய் வரமாட்டேன் என்றது.

"இல்ல சார். வேஷம் போட்டுக்கினு ரோட்ல நின்னு வீடியோ எடுக்கும். அதான் அதுக்கு உசுரு. கல்யாணம் ஆனாலும் உடாது."

அவர் கொஞ்சம் யோசித்தார். "சமைக்குமா?"

"ரசம் வெக்கும் சார். குடிக்கத்தான் தெகிரியம் வேணும்."

சிரித்துவிட்டார். வண்டியைக் கிளப்பும்போது, "உனக்குக் கல்யாணம் ஆயிடுச்சாம்மா?" என்று கேட்டார். இல்லை என்றேன். சரி சரி என்று போய்விட்டார்.

அன்று சாயங்காலமே தரகர் அம்மாவுக்கு ஃபோன் செய்தார். பேசி முடித்ததும் அம்மா கட்டிலில் உட்கார்ந்துவிட்டாள்.

"நீ வாணாமாண்டி. எதிர் கேட்டாண்ட நிக்கிற செக்யூரிட்டிப் பொண்ணு யாரு, இன்னா ஊருன்னு விசாரிக்கச் சொல்றாங்க. ஒளிவு மறைவு இல்லாம பேசுச்சாம். யாருடி அவ?"

எனக்கு அழுகையும் வந்தது, சிரிப்பும் வந்தது. அவள்மேல் கொஞ்சம் பொறாமையாகவும் இருந்தது.

"ஞாயித்துக்கெழம அவங்கள வரச் சொல்லும்மா" என்றேன். "அந்தப் பொண்ண நானே கூட்டியாறேன்."