பாலாயியின் பங்கு

எங்கள் தோட்டத்தில் ஒவ்வொரு வேலைக்கும் ஒரு சாமி உண்டு. தேயிலையைக் கவ்வாத்து வெட்டுகிறவர்களுக்குக் கவ்வாத்துச்சாமி, தொழிற்சாலைச் சக்கரத்துக்கு ரோதமுனி. நேரத்துக்கு மட்டும்தான் சாமி இல்லாமல் இருந்தது. அந்தக் குறையை என் அத்தை தீர்த்து வைத்தாள்.

அத்தை அப்பாவின் தங்கை. வட்டவளைக்கு மேலே இருந்த அந்தத் தோட்டத்தில் பிள்ளைக்காம்பராவைப் பார்த்துக்கொண்டாள். தாய்மார் கொழுந்து பறிக்க மலைக்குப் போகும்போது கைக்குழந்தைகளை அங்கேதான் விட்டுப் போவார்கள். வெள்ளைக்காரன் நாட்டை விட்டுப் போய்ச் சில வருஷம் ஆகியிருந்தது. எங்கள் துரை மட்டும் இன்னும் போகவில்லை. எனக்கு அப்போது ஏழு வயதிருக்கும். தம்பி கைக்குழந்தை, அதுவும் நோஞ்சான். அவனைத் தொட்டிலாட்டுவதற்காக என்னைப் பள்ளிக்கூடத்திலிருந்து நிறுத்தி அத்தையோடு விட்டிருந்தார்கள். அதில் எனக்கு ஒரு வருத்தமும் இல்லை. அத்தை வாயைத் திறந்தால் கேட்டுக்கொண்டே இருக்கலாம்.

வெயில் ஏறும் நேரத்தில் தாய்மார் பால் கொடுக்க இறங்கி வருவார்கள். கூடவே கங்காணியும் வருவார். வாசலில் குடையை ஊன்றிக்கொண்டு நின்று, அவர்கள் உட்கார்ந்த இடம் சூடாவதற்குள் "போதும், எந்திரிங்க" என்று சத்தம் போடுவார். மற்றக் குழந்தைகள் எப்படியோ அவசர அவசரமாகக் குடித்துவிடும். தம்பிக்கு உறிஞ்சத் தெம்பு கிடையாது. இரண்டு வாய் குடித்தால் மூச்சு வாங்குவான். அடுத்த வாய்க்கு அவன் தயாராகும்போது அம்மா ரவிக்கையை இழுத்து விட்டுக்கொண்டு எழுந்துவிடுவாள். எழாவிட்டால் அன்றைக்கு அரைப்பேர்தான், பாதிச் சம்பளம் போய்விடும். அவன் கால்கள் குச்சியாகிக்கொண்டே வந்தன. பிழைக்க மாட்டான் என்று நாங்கள் குடியிருந்த லயத்து வரிசை வீடுகளில் என் காதுபடவே பேசினார்கள்.

ஒரு மத்தியானம் அத்தை என்னை அழைத்துக்கொண்டு பீலிக்கரைக்குப் போனாள். மலைத்தண்ணீர் பீலி வழியாக விழுகிற அந்த இடத்தில்தான் லயத்து ஜனங்கள் குளிப்பதும் துவைப்பதும். அங்கே கிடந்த, மூலை உடைந்த கல் ஒன்றைப் பெயர்த்துச் சாக்கில் சுற்றினாள். இருவரும் மூச்சு முட்ட அதைத் தூக்கி வந்தோம். பிள்ளைக்காம்பரா வாசலில் நட்டு, மஞ்சள் பூசி, குங்குமம் வைத்து, சிவப்புத் துணி கட்டினாள். "யாரு கேட்டாலும் பாலாயின்னு சொல்லு" என்றாள்.

மறுநாள் காலை கங்காணி கேட்டார். அத்தை ஒரு மூச்சில் சொல்லி முடித்தாள்.

காலம் என்கிற பெரியவருக்கு நான்கு பிள்ளைகள். மூத்தவன் விடியான். கோபக்காரன், பனிக் கம்பளியைப் பிடித்து இழுத்து ஊரை எழுப்புகிறவன். அடுத்தவன் உச்சியான். தடியன், நம் தலைமேல் ஏறி நின்று நிழலைக் காலடியில் போட்டு மிதிக்கிறவன். மூன்றாவது அந்தியாள். கூடை சுமந்து களைத்து வருகிறவள். அப்பன் பகல் முழுவதையும் இந்த மூவருக்கும் பிரித்துக் கொடுத்த பிறகுதான் கடைக்குட்டி பாலாயி பிறந்தாள். அவளுக்குப் பங்கில்லை. தொட்டிலில் கிடந்து அவள் அழுத அழுகையில் மலைகளில் ஊற்று வற்றிப்போனது. மூவரும் மனமிளகி ஆளுக்கு ஒரு பிடி நேரம் கொடுத்தார்கள். பிள்ளைகள் பால் குடிக்கிற நேரம் அதுதான். அது பாலாயியின் சொத்து. அதில் கைவைத்தால் கொழுந்து துளிர்க்காது.

அத்தைக்கு எழுத்து தெரியாது. இதையெல்லாம் எங்கிருந்து எடுத்தாள் என்று இன்றைக்கும் எனக்கு ஆச்சரியம்தான். நேரம் முழுவதும் துரைக்குச் சொந்தமாக இருந்த ஊரில், அதற்கு ஒரு குடும்பத்தையே உண்டாக்கி, அதில் எங்களுக்கும் ஒரு பிடி வாங்கித் தந்தவள் அவள்.

கங்காணி கல்லை வெகுநேரம் பார்த்தார். பிறகு செருப்பைக் கழற்றினார்.

"ஆத்தா எப்ப எந்திரிப்பாங்க?"

"கடைசிப் புள்ள வாயெடுத்ததும் எந்திரிச்சிருவாங்கண்ணே."

அன்றிலிருந்து அவர் மலைப்பக்கம் திரும்பி நின்றுகொள்வார். மழையிலும் அப்படித்தான். அத்தை குரல் கொடுக்கும்வரை அசையமாட்டார். சில நாள் அவள் வேண்டுமென்றே தாமதிப்பாள், அப்போதும் நிற்பார். இவ்வளவு பெரிய ஆளை ஒரு துவைகல் நிறுத்தி வைத்திருக்கிறதே என்று நான் பாவாடையில் முகத்தைப் புதைத்துச் சிரிப்பேன்.

ஒருநாள் கண்டாக்கையா வந்துவிட்டார். கங்காணிக்கு மேலே அவர், அவருக்கு மேலே துரை. பெண்கள் உட்கார்ந்திருப்பதைப் பார்த்து, வெரசா வெரட்டு என்று உன்னிடம் எத்தனை தரம் சொல்வது எனக் கங்காணியின் மேல் எரிந்து விழுந்தார். அம்மா பாதியில் எழப் போனாள். கங்காணி என் பக்கம் திரும்பினார்.

"பாப்பா, ஐயாவுக்கு ஆத்தா கதையச் சொல்லு."

விடியான் கொடுத்தான், உச்சியான் கொடுத்தான் என்று சொல்லிவிட்டு அப்படியே நின்றேன். கங்காணிதான் எடுத்துக் கொடுத்தார்: "அந்தியாளும் ஒரு பிடி குடுத்தாங்கல்ல. அத விட்டுட்டியே."

எல்லாவற்றையும் அவரே சொல்லி முடித்தார். பெண்கள் ஆத்தாவுக்குப் பயந்து கிடக்கிறார்கள், இடையில் எழுப்பினால் நாளைக்கு ஒருத்தியும் மலையேறமாட்டாள் என்றும் சேர்த்துச் சொன்னார். அது அத்தையின் கதையிலேயே இல்லை. கண்டாக்கையா கும்பிடுவதா வேண்டாமா என்று தெரியாமல் தொப்பியைக் கழற்றி மறுபடி மாட்டிக்கொண்டு போய்விட்டார். அம்மா உட்கார்ந்தாள். தம்பி நிதானமாகக் குடித்து முடித்தான்.

அவன் பிழைத்துக்கொண்டான். முதன்முதலில் எழுந்து நின்றதும் பாலாயியைப் பிடித்துக்கொண்டுதான்.

அத்தை கங்காணியை ஏமாற்றிய கதையை வளர்ந்த பிறகும் நான் எல்லோரிடமும் சொல்லிச் சிரித்திருக்கிறேன். கண்ணெதிரே நடந்த ஒன்றை யோசிக்க மட்டும் எனக்கு வெகுகாலம் ஆனது. கங்காணி சாயங்காலம் குளிப்பதும் அதே பீலிக்கரையில்தான். அந்த மூலை உடைந்த கல்லில்தான் தினமும் குதிகாலைத் தேய்ப்பார். நாங்கள் கல்லைத் தூக்கி வந்த பிறகு, ஒற்றைக் காலில் நின்று பீலிச் சுவரில் அவர் குதிகாலைத் தேய்த்ததை நானே பார்த்திருக்கிறேன். கல் எங்கே போனது என்று அவர் ஒருவரையும் கேட்கவில்லை.