அளவக்காவின் தட்டு

துணி ஆலைக் கேண்டீனில் பதினெட்டு வருஷமாகக் கரண்டி பிடித்ததில் அவளுக்கு 'அளவக்கா' என்ற பெயர் நிலைத்துவிட்டது. தட்டை நீட்டுகிறவரின் முகத்தை ஒரு பார்வை பார்ப்பாள். அவர் வாயைத் திறப்பதற்குள் சோறு விழுந்திருக்கும். கூடவும் கூடாது, குறையவும் குறையாது.

"என் பசி என் பொண்டாட்டிக்கே தெரியாது, அளவக்காவுக்குத்தான் தெரியும்" என்று சாயப் பிரிவு மேஸ்திரி வரிசையில் நின்றே கத்துவார்.

"அப்ப வீட்டுல பட்டினிதான்னு சொல்லுங்க" என்று இவளும் விடமாட்டாள்.

வீட்டிலும் பரிமாறுவது அவள்தான். கணவரும் மகனும் கை கழுவிய பிறகு, பானையில் மிஞ்சியதை அடுப்பு மேடையருகே நின்றபடியே சாப்பிட்டு முடிப்பாள். முப்பது வருஷமாக அப்படித்தான். அவள் அம்மாவும் அப்படித்தான். அது சரியா தப்பா என்று யோசிக்க வேண்டிய விஷயமாகவே அவளுக்குத் தோன்றியதில்லை.

மருமகள் வந்த இரண்டாவது வாரமே சட்டம் போட்டாள். அவள் பேருந்து ஓட்டுகிறவள். அவள் குரல் கொடுத்தால் படியில் தொங்குகிறவர்கள்கூட ஒழுங்காக உள்ளே போய்விடுவார்கள்.

"அத்தே, இனிமே எல்லாரும் ஒண்ணா உக்காருவோம். அவங்கவங்களுக்கு வேணுங்கறத அவங்கவங்களே போட்டுக்கட்டும்."

"நான் அப்புறமா..."

"அப்புறமெல்லாம் கிடையாது. உக்காருங்க."

உட்கார்ந்தாள். மற்றவர்கள் எடுத்துக்கொண்டார்கள். எவ்வளவு மிஞ்சுகிறது பார்ப்போம் என்று அவள் கையைக் கட்டிக்கொண்டு காத்திருந்தாள். அத்தை இன்னும் எடுக்கவில்லையே என்று மருமகள், வேறு யாரும் மறுபடி பானையில் கை வைக்காதபடி கண்ணாலேயே தடுத்தாள். கடைசியில் அரைப் பானைச் சோறும் மூன்று துண்டு மீனும் நின்றன. மிஞ்சியது அவள் பங்கு. அத்தனையையும் சாப்பிட்டுவிட்டு, மூச்சு முட்டி நாற்காலியில் சாய்ந்தாள்.

"ஐயோ, எதுக்கு அத்தே அவ்வளவையும்?"

"இருந்துச்சேம்மா."

"பானையைத் தள்ளி வைம்மா, அதையும் கடிச்சுடப் போறா" என்று சிரித்தார் கணவர்.

மகன் சிரிக்கவில்லை. "அம்மா, உனக்கு எவ்வளவு வேணும்னு உனக்கே தெரியாதா?"

அவள் காலித் தட்டுகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்க ஆரம்பித்தாள்.

அடுத்த நாள் ஒரே ஒரு கரண்டி எடுத்தாள். எழுந்த பிறகு வயிற்றில் ஏதோ புரண்டது. பசியா, பழக்கமா, நேற்றைய மீனின் மிச்சமா? அதற்கு மறுநாள் மருமகளைப் பார்த்து அதே அளவு போட்டுக்கொண்டாள். அதுவும் தன் அளவுதான் என்று நிச்சயமில்லை. பாத்திரம் கழுவும்போது வேறொரு கேள்வி வந்து ஒட்டிக்கொண்டது. இந்த முப்பது வருஷமும் வயிறு நிறைந்துதான் படுத்தோமா, பட்டினியோடு படுத்தோமா? பட்டினி என்றால் யார்மேல் கோபப்படுவது? கணவர் பாட்டுக்குப் பல் குத்திக்கொண்டிருந்தார். அவரைப் பார்த்தால் கோபமும் வரவில்லை, வராமலும் இல்லை.

ஒரு மதியம், கேண்டீனில் கூட்டம் வடிந்ததும் தட்டு ஒன்றை எடுத்துக்கொண்டு பரிமாறும் மேடையைச் சுற்றி ஆட்கள் நிற்கும் பக்கம் போய் நின்றாள். தட்டுக் கழுவுகிறவளைக் கூப்பிட்டாள்.

"அடியே, கரண்டியப் பிடி. என் முகத்தப் பாத்துப் போடு."

"என்னக்கா, வெயில்ல எங்கயாவது நின்னீங்களா?"

"போடுடி. எவ்வளவுன்னு பாத்துச் சொல்லு."

கழுவுகிறவள் தலையைச் சாய்த்துச் சாய்த்துப் பார்த்தாள். "உங்க மூஞ்சில ஒண்ணும் தெரியலையேக்கா. நான் பாட்டுக்குப் போடறேன், போதும்னா சொல்லுங்க."

ஒரு கரண்டி. இரண்டு. மூன்றாவது பாதி விழும்போது "போதும்" என்று அளவக்காவின் வாயே சொன்னது. ஏன் அங்கே சொன்னது என்று அவளுக்குத் தெரியவில்லை.

ஆட்கள் சாப்பிடும் பெஞ்சில் முதல் முறையாக உட்கார்ந்து மெல்லச் சாப்பிட்டாள். தட்டு காலியானது. சற்று நேரம் வயிற்றைக் கவனித்தாள். பிறகு தட்டை எடுத்துக்கொண்டு மறுபடியும் போய் நின்றாள். வரிசையில் அவள் ஒருத்திதான்.

"என்னக்கா, பத்தலையா?"

"தெரியலடி" என்றாள் அளவக்கா. "இன்னும் ஒரு அரைக் கரண்டி போடு, பாப்போம்."