கடைசிக் காட்சி மட்டும் பார்த்த சுகந்தி

சினிமா மண்டபத்தில் துப்புரவு வேலைக்குப் புதிதாக வருபவர்களிடம் முதல் நாளே சொல்லிவிடுவேன்: எங்களுக்கு எந்தப் படத்திலும் முடிவு மட்டும்தான் தெரியும். பெயர்கள் ஓடத் தொடங்கியதும் கூட்ட இறங்க வேண்டும் என்பதால், கொஞ்சம் முன்பே பையும் தும்புத்தடியுமாகக் கதவடியில் நிற்போம். யார் செத்தார், யார் சேர்ந்தார் என்பது தெரியும். ஏன் என்று தெரியாது.

பாரிஸின் லா சப்பலில் நான் துப்புரவுக் குழுவுக்குச் செஃப்பாக, அதாவது பொறுப்பாளராக, இருந்தபோது வந்தவள் சுகந்தி. வன்னிக்காரி. கணவன் யுத்தத்தில் இறந்துவிட்டான். புறநகரான வில்லியே லே பெல்லில், கணவனின் தாயான மாமியோடு இருந்தாள்.

அந்தக் கிழமை ஒரு ஜப்பானியப் படம் ஓடியது. முடிவில் கிமோனோ உடுத்த ஒருத்தி ரயில் மேடையில் நிற்கிறாள். ரயிலுக்குள்ளே ஒருவன் அவளையே பார்க்கிறான். கதவு மூடுகிறது. அவள் ஏறவில்லை.

சுகந்தி கூட்டுவதை விட்டுவிட்டு நின்றாள்.

"அண்ணை, இவள் ஏன் ஏறேல்லை?"

"எனக்கென்ன தெரியும்? கூட்டு பிள்ளை, வெளியிலை சனம் நிக்குது."

"இல்லை அண்ணை, எனக்குத் தெரியவேணும்."

குரல் சரியில்லை. விசாரித்தேன். பக்கத்து ரெஸ்ரோறன்ரில் கொத்துரொட்டி போடும் ஒருவர் அவளைக் கலியாணம் கேட்டிருந்தார். அவளுக்கும் நல்ல விருப்பம். ஞாயிற்றுக்கிழமை பதில் சொல்ல வேண்டும்.

"மாமிக்கு எந்த முகத்தோடை சொல்லுறது? சனம் என்ன கதைக்கும்? வேண்டாமெண்டு சொல்லப்போறன்."

எனக்கு மனம் கேட்கவில்லை. மனேஜரைக் கேட்டு, லீவு நாளில் அவளை முதலிலிருந்து பார்க்க வைத்தேன். திரையின் கீழே ஓடிய பிரெஞ்சு எழுத்துகளைப் பக்கத்தில் இருந்து காதுக்குள் தமிழில் சொன்னேன். முன்னால் இருந்த பிரெஞ்சு மதாம் திரும்பித் திரும்பி முறைத்தார். முறைக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

படத்தில் அவளும் விதவை. மாமியார் வீட்டில் இருக்கிறாள். துணிக்குச் சாயம் போடுகிறவன் மேல் ஆசை. மாமியார் ஒன்றும் கேட்கவில்லை, இவளும் ஒன்றும் சொல்லவில்லை. ஊர் என்ன சொல்லும் என்பதை இவளே நினைத்து நினைத்து உருகுகிறாள்.

வெளியே வந்ததும் சுகந்திக்குக் கோபம்.

"ஒருத்தரும் அவளை மறிக்கேல்லை அண்ணை! வாயைத் திறந்து கேட்டிருக்கலாமே, விசரி!"



அன்று பின்னேரமே மாமியிடம் விஷயத்தைச் சொல்லியிருக்கிறாள். மாமி குசினிக்குள் போய் மகனை நினைத்து அழுதாராம். பிறகு முகம் கழுவிக்கொண்டு வந்து கேட்டாராம்: "பெடியன் எந்த ஊர்?"

எங்கள் சனம் அந்தக் கேள்வியைக் கேட்டுவிட்டால் பாதிக் கலியாணம் முடிந்தது.

மேரி எனப்படும் நகரசபையில் கலியாணக் கையெழுத்து வைத்த அன்றும் மாமி அழுதுகொண்டுதான் இருந்தார். ஆனால் முன்வரிசையில் இருந்து அழுதார். மற்றவரின் பதிலை நாமே சொல்லிவிடக் கூடாது. கேட்டுப் பார்க்க வேண்டும்.