அவர் மணி கேட்ட படங்கள்

ஏழு வருடம் நான் ஒரு மாமியாக எழுதிப் பெயர் வாங்கினேன். திருச்சியிலிருந்து வெளிவந்த ஒரு வாரப் பத்திரிகையில் எனக்குப் புரூஃப் பார்க்கும் வேலை. அதே பத்திரிகையின் கடைசிக்கு முந்தைய பக்கத்தில், ஸ்ரீரங்கத்தில் குடித்தனம் நடத்தும் ஒரு மாமி வாராவாரம் கணவரோடு சினிமாவுக்குப் போய்விட்டு வந்து புலம்புவாள். அந்த மாமி நான்தான். இது ஆசிரியருக்கும் அச்சுக் கோர்ப்பவர் ஒருவருக்கும் மட்டும் தெரியும்.

எழுபதுகளில் ஆண்கள் பெண்டாட்டி பெயரில் எழுதுவது ஒன்றும் அதிசயமில்லை. பாதி எழுத்தாளர்கள் அப்படித்தான் செய்தார்கள். எனக்குப் பெண்டாட்டி இல்லாததால் ஆசிரியரே ஒரு பெயர் வைத்தார். "சினிமாவைத் திட்டுறது ஆம்பளைன்னா அடிக்க வருவாங்க. மாமி திட்டினா சிரிச்சுட்டுப் போயிடுவாங்க" என்றார். அவர் சொன்னது சரி. ரசிகர் மன்றத்துக்காரர்கள் கூட மாமியிடம் கோபித்துக்கொள்ளவில்லை. நாற்பத்தைந்து வயது நாயகன் கல்லூரிக்குப் புத்தகத்தோடு போவதையும், ஏழைக் கதாநாயகி பாட்டுக்குப் பாட்டு பட்டுப்புடவை மாற்றுவதையும் மாமி கேட்டாள். நான் கேட்டிருந்தால் ஆபீஸ் கண்ணாடி உடைந்திருக்கும்.

மாமி மட்டும் இருந்தால் ஒரு பக்கம் நிறையாது. கணவர் வேண்டும். கணவரை நான் கற்பனை செய்யவில்லை.

அவர் பாலக்கரைப் பக்கம் ஒரு பள்ளியில் கணக்கு வாத்தியார். கிறிஸ்தவர். பள்ளி ஆண்டு மலரை அச்சடிக்க எங்கள் அச்சகத்துக்கு வந்தார். இரண்டு பேரும் உட்கார்ந்து பிழை திருத்தினோம். மூன்றாம் நாள் வேலை சீக்கிரம் முடிந்தது, மேட்னி ஷோவுக்குப் போனோம். விளக்கு அணைவதற்கு முன்னால் கைக்கடிகாரத்தைக் கழற்றி என்னிடம் நீட்டினார்.

"இந்தா சாமி, நீ வச்சுக்க. என் கையில இருந்தா பாத்துக்கிட்டே இருப்பேன். காசு குடுத்துட்டு வாட்சையா பாக்குறது?"

வாங்கிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டேன். கால் மணி நேரத்தில் காதருகே குனிந்து "மணி என்ன?" என்று கேட்டார். அந்தப் படத்துக்கு ஒன்பது தடவை கேட்டார். 'சுபம்' என்று போட்டதும் கையை நீட்டினார், கடிகாரத்தைக் கட்டிவிட்டேன். அதற்குப் பிறகு சனிக்கிழமைதோறும் அதே பழக்கம்.

மாமியின் கணவரும் அதையே செய்தார். படம் தொடங்கும்போது கடிகாரத்தை மாமியிடம் கொடுப்பார், அலுப்புத் தட்டும்போதெல்லாம் மணி கேட்பார். எத்தனை தடவை கேட்டார் என்பதுதான் மாமியின் மதிப்பெண். ஊரில் அது பிடித்துக்கொண்டது. சத்திரம் பஸ் ஸ்டாண்டில் டீ குடித்துக்கொண்டிருக்கும்போது பக்கத்தில் நின்ற இருவர், "போகாதீங்க, மாமி வீட்டுக்காரர் ஆறு தடவை மணி கேட்டிருக்காரு" என்று பேசிக்கொண்டதைக் காதால் கேட்டேன். துவாக்குடி விடுதி மாணவர்கள் மாமியின் போட்டோ கேட்டு எழுதினார்கள். மாதர் சங்கம் ஒன்று தலைமை தாங்க அழைத்தது. மாமிக்கு மூட்டுவலி என்று நானே பதில் போட்டேன்.

எனக்கு ஆண்களைத்தான் பிடிக்கும். இன்று அதற்கு மரியாதையாக ஒரு சொல் வந்திருக்கிறது. அன்று இருந்த சொற்கள் எல்லாம் வசவுகள். அந்த வசவுகளைச் சினிமாவில் நகைச்சுவை நடிகர் சொல்லிக் கொட்டகையே சிரிக்கும்போது நாங்கள் இருவரும் சேர்ந்து சிரித்திருக்கிறோம். சிரிக்காமல் இருந்தால் பக்கத்து சீட்டுக்காரன் திரும்பிப் பார்ப்பான். அந்தப் படங்களுக்கு எழுதிய விமர்சனங்களிலும் மாமி சிரித்திருக்கிறாள். அதற்காக இன்றும் வெட்கப்படுகிறேன்.

படம் விட்டதும் ஒன்றாம் நம்பர் பஸ் ஏறி ஸ்ரீரங்கத்தில் என் வாடகை அறைக்கு வருவோம். சதுரங்கம் ஆடுகிறோம் என்று வீட்டு ஓனர் நம்பினார். அவர் நம்புவதற்காகப் பலகையை விரித்துக் காய்களை அடுக்கியே வைத்திருந்தோம். நான்கு வருடத்தில் ஓர் ஆட்டம்கூட ஆடி முடித்ததில்லை.

பிறகு அவருக்குக் கல்யாணம் ஆயிற்று. மணப்பாறைப் பெண். "எத்தனை பொண்ணைத்தான் வேணாம்னு சொல்றது சாமி? அம்மா ராத்திரி சாப்பிடுறதே இல்ல" என்றார். மாதா கோயிலில் ஏழாவது வரிசையில் உட்கார்ந்து கல்யாணத்தைப் பார்த்தேன், பிரியாணி சாப்பிட்டேன், ஓர் எவர்சில்வர் குடம் கொடுத்தேன். அதன் பிறகு சனிக்கிழமைகள் மாதம் ஒன்றாகக் குறைந்தன. மாமியின் கணவர் மட்டும் வாரம் தவறாமல் படத்துக்கு வந்தார். உண்மையில் நான் தனியாகத்தான் போனேன். எங்கே மணி கேட்டிருப்பார் என்று எனக்குத் தெரியும். அந்த இடங்களில் நானே எண்ணிக்கொண்டேன்.

கல்யாணமாகி இரண்டாம் வருடம் ஒரு படம் வந்தது. சின்ன வயதில் பிரிந்த அண்ணன் தம்பி, கடைசிச் சண்டையில் சட்டை கிழிந்து மச்சத்தைப் பார்த்துக் கட்டிக்கொண்டு அழுகிற வழக்கமான கதை. அன்று எனக்குக் கை நன்றாக ஓடியது. மாமி இப்படி எழுதினாள்: 'எங்காத்துக்காரருக்கும் இடது தோள்பட்டைக்குக் கீழே புளியங்கொட்டை அளவில் ஒரு மச்சம் உண்டு. பக்கத்திலேயே குட்டியாக இன்னொன்று. திருவிழாக் கூட்டத்தில் தொலைந்தால், போலீஸ்காரர் ஊரில் உள்ள ஆண்கள் எல்லோர் சட்டையையும் கழற்றச் சொல்லித்தான் எனக்கு மீட்டுத் தர வேண்டும்.' ஆசிரியர் படித்துவிட்டு மேசையைத் தட்டிச் சிரித்தார்.

மச்சத்தை வைத்து ஆளைக் கண்டுபிடிப்பது சினிமாவில்தான் நடக்கும் என்று கிண்டல் செய்தவன் நான். அடுத்த வாரமே என் வாழ்க்கையில் நடந்தது.

ஒரு செவ்வாய்க்கிழமை பதினோரு மணிக்கு அவர் மனைவி ஆபீஸுக்கு வந்தாள். கையில் பத்திரிகை, அந்தப் பக்கத்தில் மடித்திருந்தது. ஆசிரியர் வெளியே போயிருந்தார். கல்யாணக் கூட்டத்தில் பார்த்த என் முகம் அவளுக்கு நினைவில்லை.

"இந்த மாமியைப் பாக்கணும் சார்."

"அவங்க ஆபீஸுக்கு வர்றதில்லைங்க. தபால்ல அனுப்புவாங்க."

"விலாசம் குடுங்க."

"குடுக்கக்கூடாதுங்க."

அவள் நாற்காலியில் உட்கார்ந்தாள். முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டாள். அழவில்லை. "கல்யாணமான புதுசுல படத்துக்குக் கூட்டிட்டுப் போனாரு. வாட்சைக் கழட்டி என் கையில குடுத்தாரு. பத்திரிகையில வர்ற மாதிரியே பண்றீங்களேன்னு சிரிச்சேன். அவரு சிரிக்கலை. அன்னைலேருந்து என்கிட்ட வாட்சைக் குடுக்குறதே இல்ல. இப்ப மச்சத்தைப் பத்தி எழுதியிருக்காங்க. எனக்கு அஞ்சு மாசம் சார். அவரை விட்டுடச் சொல்லுங்க. சண்டை போட வரலை, கேட்டுக்க வந்தேன்னு சொல்லுங்க."

"சொல்லிடறேன்ங்க" என்றேன். அவள் எழுந்து என்னைக் கும்பிட்டுவிட்டுப் போனாள். என்னைப் போய்க் கும்பிட்டாளே என்று அன்று முழுவதும் புரூஃபில் ஓர் எழுத்தும் பார்க்க முடியவில்லை.

சாயங்காலம் பள்ளிக்கூட வாசலில் காத்திருந்து அவரிடம் சொன்னேன். சைக்கிளைத் தள்ளிக்கொண்டே கேட்டார். முகம் வெளிறிப் போயிருந்தது.

"பொம்பளைன்னுதானே நினைக்கிறா?"

"ஆமா."

"அப்படியே இருக்கட்டும் சாமி. பொம்பளைன்னா என்னைக்காவது மன்னிப்பா. நீன்னு தெரிஞ்சா எனக்கு வேலை போயிடும், உனக்கும் போயிடும். அந்தக் குழந்தை இந்த ஊர்ல தலை நிமிர்ந்து நடக்க முடியாது." கொஞ்ச தூரம் போய் நின்றார். "இனிமே வராதே. எழுதவும் எழுதாதே."

கோபம் வந்தது. அவர் மேல்தான். ஒரு வார்த்தை திட்டியிருந்தால் ஆறியிருக்கும். எதிரே பையன்கள் "குட் ஈவினிங் சார்" என்று சொல்லிக்கொண்டு வந்தார்கள். நானும் சிரித்த முகத்தோடு நின்றேன்.

மாமி சட்டென்று எழுதுவதை நிறுத்தினால் அவர் மனைவிக்குச் சந்தேகம் தீராது. மாமி அவரை விட்டுவிட்டாள் என்பது அவளுக்குத் தெரிய வேண்டும். பத்திரிகை வழியாகத்தான் நான் அவளிடம் பேச முடியும். அடுத்த வாரம் மாமியின் கணவர் மாரடைப்பில் இறந்துபோனார். நான்கே பாரா. 'கடிகாரம் என்னிடம் இருக்கிறது. இனி மணி கேட்க ஆளில்லை' என்று முடித்தேன்.

ஆசிரியர் பதறினார். "என்னய்யா இது, ஆளையே கொன்னுட்டீரு! டெல்லிக்கு மாத்தலாகிப் போயிட்டார்னு எழுதுமேன்."

"இல்ல சார். செத்துத்தான் ஆகணும்" என்றேன். அவர் தாளை வாங்கி ஓரத்தில் கையெழுத்துப் போட்டார். அச்சுக்குப் போயிற்று.

கடிதங்கள் வந்து குவிந்தன. திருச்சி, தஞ்சாவூர், புதுக்கோட்டை, எங்கெங்கிருந்தோ கார்டும் இன்லண்டும். மாமிக்கு ஆறுதல் சொல்லி எழுதியவை. இரண்டு மஞ்சள் பை நிறைந்தது. "பதில் போடும்யா, பாவம்" என்றார் ஆசிரியர். நான் ஒன்றைக்கூடப் படிக்கவில்லை. உயிரோடு இருக்கிற மனிதருக்கு ஊரே துக்கம் கொண்டாடுவதை என்னால் படிக்க முடியாது. பைகளை அறையில் பரண்மேல் போட்டேன்.

ஒரு விஷயத்தை நான் யோசிக்கவே இல்லை. ஸ்ரீரங்கத்தில் இத்தனை வருடம் குடியிருந்தவன் யோசிக்காமல் விட்டதுதான் வேடிக்கை. புருஷனை இழந்த மாமி எப்படி சினிமாவுக்குப் போவாள்? மூன்று வாரம் கழித்து மாமி தனியாகப் படத்துக்குப் போனதாக எழுதினேன். அதே வாசகர்கள் காறித் துப்பினார்கள். 'பத்து நாள் காரியம் முடிந்து ஈரம் காயவில்லை, அதற்குள் கொட்டகையா?' என்று கேட்டார்கள். மாமியைக் கடைசியில் ஒரு மூலையில் உட்கார வைத்துவிட்டார்கள். பக்கம் நின்றது. அவரைக் கொல்லப் போய் என்னையும் சேர்த்துக் கொன்றுகொண்டேன்.

பிறகு ஆண் பெயரில் எழுதிப் பார்த்தேன். ஒருவரும் சிரிக்கவில்லை. எண்பதுகளில் டிவி வந்தது, வீடியோ கேசட் வந்தது, மாமி இருந்திருந்தால் கொண்டாட்டமாக எழுதியிருப்பாள். எனக்குத் தனியாக நகைச்சுவை வரவில்லை. பக்கத்து சீட்டில் ஆள் இருந்தபோதுதான் எனக்கு அது வந்தது. புரூஃப் மட்டும் பார்த்துக்கொண்டிருந்தேன். அம்மா ஒவ்வொரு ஜாதகமாகக் கொண்டுவந்து ஓய்ந்து, பெருமாள் விட்ட வழி என்று விட்டுவிட்டாள்.

அவரைப் பஸ்ஸில் இரண்டு தடவை பார்த்தேன். ஒரு தடவை மடியில் பெண் குழந்தை இருந்தது. இருவரும் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டோம்.

மாமியின் கணவர் இறந்து ஏழு வருடம் கழித்து ஒரு நாள் காலையில் புரூஃப் தாள்கள் வந்தன. விளம்பரப் பக்கத்தில் நான்கு காலமானார் அறிவிப்புகள். மூன்றாவது அவருடையது. மஞ்சள்காமாலை என்று பிறகு தெரிந்துகொண்டேன். பள்ளியின் பெயரில் ஓர் எழுத்துப் பிழை இருந்தது. திருத்தினேன். அடக்க நேரத்தைக் கையெழுத்துப் பிரதியோடு சரிபார்த்தேன். ஓரத்தில் கையெழுத்துப் போட்டு அனுப்பினேன்.

கோயிலில் பள்ளிப் பிள்ளைகள் வரிசையாக நின்றார்கள். பெட்டியில் கோட்டு போட்டுப் படுக்க வைத்திருந்தார்கள். விரல்களில் ஜெபமாலை சுற்றியிருந்தது, மணிக்கட்டு வெறுமையாக இருந்தது. வரிசையில் நகர்ந்து அவர் மனைவிக்கு எதிரே வந்தபோது அவள் நிமிர்ந்து பார்த்தாள்.

"நீங்க அந்தப் பத்திரிகை ஆபீஸ் சார்தானே?"

"ஆமாங்க."

"அந்த மாமிக்குத் தெரியுமா?"

"இன்னும் சொல்லலைங்க."

"சொல்லிடுங்க சார். நான் கேட்டுக்கிட்டபடியே விட்டுட்டாங்க, அவங்களுக்கும் துக்கம் இருக்கும்ல." குரலைத் தாழ்த்தினாள். "ஆஸ்பத்திரியில கடைசி நாள் பூரா மணி என்ன, மணி என்னன்னு கேட்டுக்கிட்டே இருந்தாரு. நான் பக்கத்துலயே இருந்து சொல்லிக்கிட்டே இருந்தேன். என்னைக் கேக்கலை சார், எனக்குத் தெரியும். அதையும் மாமிகிட்ட சொல்லிடுங்க."

"சொல்லிடறேன்ங்க" என்றேன். இரண்டாம் முறையாக.

எனக்குப் பின்னால் வரிசை காத்திருந்தது. நகர்ந்தேன். அந்தக் கூட்டத்தில் ஒருவரும் என் கையைப் பிடிக்கவில்லை. பிடிக்க அவர்களுக்கு என்ன காரணம் இருந்தது? அச்சகத்து ஆள், வந்தான், போனான்.

அறைக்கு வந்து கதவைச் சாத்தினேன். பரணிலிருந்து மஞ்சள் பைகளை இறக்கினேன். எலி கொஞ்சம் கடித்திருந்தது. தரையில் உட்கார்ந்து ஒவ்வொன்றாகப் பிரித்தேன். முன்பின் தெரியாத பெண்கள் என்னை மாமி என்றும் அக்கா என்றும் கூப்பிட்டிருந்தார்கள். அவரைப் போல ஒரு மனுஷர் கிடைக்கமாட்டார் என்று எழுதியிருந்தார்கள். படத்துக்குப் போனால் அவர் ஞாபகம் வருகிறது என்று ஒருத்தி எழுதியிருந்தாள். வாய்விட்டு அழுதேன். அவருக்காக எனக்குத் துக்கம் விசாரித்தவர்கள் உலகத்தில் அவர்கள் மட்டும்தான். ஏழு வருடம் முன்னதாகவே விசாரித்து வைத்திருந்தார்கள்.

புதுக்கோட்டையிலிருந்து வந்த ஒரு கார்டில் மூன்றே வரி. 'மாமி, தனியாக இருக்கிறோம் என்று பட்டினி கிடக்காதீர்கள். ஒரு கை அரிசியாவது போடுங்கள். அவருக்கு மனசு தாங்காது.'

எழுந்து போய் அடுப்பைப் பற்றவைத்து உலை வைத்தேன்.