குடத்தை உதைக்கும் பொத்தான்

நடந்ததை முதலில் வரிசையாக எழுதிவிடுகிறேன்.

1. நானும் என் கல்லூரித் தோழியும் சேர்ந்து ஒரு கேம் செய்தோம். ஆடுகிறவர்களே கேம் செய்து, மற்றவர்கள் ஆடுவதற்காக வெளியிடக்கூடிய ஓர் ஆன்லைன் தளத்துக்காக.
2. வெளியிடுவதற்கு அந்தத் தளம் என் அடையாள அட்டையைக் கேட்டது. அட்டையில் இருந்த பிறந்த தேதியும் அக்கவுண்டில் இருந்த பிறந்த தேதியும் ஒத்துப்போகவில்லை.
3. அவளுடைய அக்கவுண்டில் வெளியிட்டோம்.
4. கொஞ்சம் பேர் ஆடினார்கள்.
5. அவள் ஒரு பொத்தானைச் சேர்த்தாள். ஏராளமானோர் ஆடினார்கள்.
6. அந்தப் பொத்தானை அழுத்தினால் என் அம்மாவின் குரல் கேட்கும்.
7. அந்தக் குரலை மட்டும் எடுத்துவிடச் சொன்னேன்.

எனக்கு வேலை கிண்டி தொழிற்பேட்டையில், ஒரு சிறிய மென்பொருள் நிறுவனத்தில். பிறர் எழுதிய நிரல் எங்கே உடைகிறது என்று பார்த்து, எண் போட்டு எழுதிக் கொடுக்க வேண்டும். இந்த வரிசை அந்தப் பழக்கத்தில் வந்தது. அலுவலகத்தில் இப்படி எழுதிக் கொடுத்தால் யாராவது உட்கார்ந்து சரிசெய்வார்கள்.

நான் வளர்ந்தது கோட்டூர்புரத்தில், ஆற்றை ஒட்டிய ஒரு சந்தில். நான் கல்லூரி முடித்த வருடம் அந்தச் சந்தை அகற்றினார்கள். எல்லோருக்கும் ஊருக்கு வெளியே அடுக்குமாடியில் வீடு கொடுத்தார்கள். அதற்காக அழுவதற்கு இதை எழுதவில்லை. பெரிய மழை வந்தால் ஆறு எங்கள் அடுப்பு வரைக்கும் வரும். திரும்பிப் போய் அங்கே இருக்க எங்களில் ஒருவருக்கும் ஆசை கிடையாது. அங்கிருந்து நான் எடுத்துக்கொண்டது ஒரே ஒரு விதியைத்தான்.

தண்ணீர் லாரி எப்போது வரும் என்று யாருக்கும் தெரியாது. பெண்களில் பலர் அடையாறில் வீட்டு வேலைக்குப் போகிறவர்கள். காத்துக்கொண்டு நிற்க முடியாது. அதனால் காலையில் குடத்தை வரிசையில் வைத்துவிட்டுப் போய்விடுவார்கள். குடம் நின்றால் ஆள் நிற்பதாக அர்த்தம். லாரி வந்து வரிசை நகரும்போது, ஆள் இல்லாத குடத்தை அதற்குப் பின்னால் நிற்பவர் நகர்த்தி வைக்க வேண்டும். கையால்தான். அந்தக் குடமும் நிரம்பும், ஓரமாக இறக்கி வைக்கப்படும். சாயங்காலம் வந்து எடுத்துப் போகிறவர் யாருக்கும் நன்றி சொல்ல மாட்டார். எங்கள் சந்தில் எதற்கெடுத்தாலும் சண்டை வரும். ஆனால் குடத்தை எடுத்ததற்காக வந்த சண்டைகள் குறைவு. காலால் தள்ளியதற்காக ஒரு குடும்பத்தோடு மற்றொரு குடும்பம் பேசாமலே இருந்திருக்கிறது.

கேம் அதுதான். நீங்கள் குடத்தை வரிசையில் வைத்துவிட்டு வேறு வேலைகளுக்கு ஓட வேண்டும்: ரேஷன் கடை, பள்ளிக்கூடம், பஸ். உங்கள் குடம் முன்னேற வேண்டுமானால், உங்களுக்குப் பின்னால் இருக்கும் முன்பின் தெரியாத ஆட்டக்காரர் அதை நகர்த்த வேண்டும். நகர்த்துகிறவருக்கு ஒரு பலனும் இல்லை.

“பாயிண்ட் குடுக்கலேன்னா எவன்டி நகர்த்துவான்?” என்று தோழி கேட்டாள்.

“பார்ப்போம்” என்றேன்.

அவள் மயிலாப்பூர்க்காரி. நன்றாக வரைவாள். சந்தின் வீடுகள், தகரக் கூரைகள், ஆற்றின் கறுப்பு, லாரியின் துருப்பிடித்த குழாய் எல்லாம் அவள் வரைந்தவை. அதை நான் ஒருபோதும் மறுக்க மாட்டேன். விதிகளும் நிரலும் என்னுடையவை. கோட்டூர்புரம் நூலகத்தில் உட்கார்ந்து கல்லூரி விடுமுறை நாட்களில் செய்தோம். அன்றைய வேலை முடிந்ததும் அவள் பறக்கும் ரயிலில் திருமயிலைக்குப் போவாள், நான் நடந்து வீட்டுக்குப் போவேன்.

சந்து இருந்தபோது ஒரு முறை அவள் எங்கள் வீட்டுக்கு வந்தாள். வீட்டில் இருந்த ஒரே நாற்காலியை அம்மா துடைத்துப் போட்டாள். குரல் பதிவு செய்ய வேண்டும் என்றோம்.

“இன்னா பேசறது? சும்மா பேசுன்னா இன்னாத்த பேசறது?” என்றாள் அம்மா.

“ஆன்ட்டி, யாரோ உங்க குடத்தைத் தூக்கிண்டு போறான்னு நெனச்சுக்கோங்கோ” என்றாள் தோழி.

அவ்வளவுதான். அம்மா இடுப்பில் கை வைத்தாள். “ஏய்! யாரு கொடம் அது? கேக்காம தூக்கினு போற? ஆளு இல்லன்னா கேக்க நாதியில்லையா? மூஞ்சப் பாரு, பேமானி!”

தோழி சிரித்துச் சிரித்துப் போனைக் கீழே போட்டுவிட்டாள். “கடைசி வார்த்தை வேண்டாம் ஆன்ட்டி, கேமையே தூக்கிடுவான்.”

“பேமானின்னா திட்டா? நான் இவங்கப்பாவையே அப்படித்தான் கூப்புடறேன்” என்றாள் அம்மா.

கேமில் யாராவது அடுத்தவர் குடத்தைத் திருடப் போனால் அந்தக் குரல் கேட்கும். திருடப் போனவர் நின்றுவிடுவார். அம்மா சந்தில் எதைச் செய்தாளோ அதையே கேமிலும் செய்தாள்.

இனி பிறந்த தேதி. நான் பிறந்தது மார்கழியில். பள்ளியில் சேர்க்கும்போது வயது போதவில்லை என்று தலைமையாசிரியை ஜூன் மாதத்துத் தேதி ஒன்றை எழுதிக்கொண்டார். பள்ளிக்கூடம் திறப்பது ஜூனில் என்பதால் எங்கள் சந்தில் பாதிப் பேர் ஜூனில் பிறந்தவர்கள். சான்றிதழ், அட்டை எல்லாம் அதன்படிதான். பள்ளி நாட்களில் அந்தத் தளத்தில் அக்கவுண்ட் திறந்தபோது, விளையாட்டுதானே, இங்கேயாவது உண்மையைச் சொல்வோம் என்று மார்கழித் தேதியைப் போட்டேன். வெளியிடும் நேரத்தில் தளம் அட்டையைப் படம் எடுத்து அனுப்பச் சொன்னது. அனுப்பினேன். பொருந்தவில்லை என்று திருப்பிவிட்டது. தேதியை மாற்றவும் வழியில்லை. புதிதாக அக்கவுண்ட் திறக்கலாம். ஆனால் புது அக்கவுண்ட் கேம் வெளியிடக் கொஞ்ச காலம் காத்திருக்க வேண்டும்.

“எதுக்குடி காத்துண்டு? என்னோடதுல போட்டுடறேன். உனக்கு எடிட் பர்மிஷன் குடுத்துடறேன். யார் பேர்ல இருந்தா என்ன?” என்றாள்.

அவளுக்குப் பிறந்த நாள் ஒன்றுதான். அவளுடையதை உடனே ஏற்றுக்கொண்டது.

முதல் மாதங்களில் நடந்ததை என்னால் இப்போதும் கசப்பில்லாமல் சொல்ல முடியும். ஆதம்பாக்கத்தில் நான் தங்கியிருக்கும் அறையிலிருந்து, வேலை முடிந்து வந்து, பார்த்துக்கொண்டிருப்பேன். எங்கெங்கோ இருக்கும் பிள்ளைகள் வந்தார்கள். முதலில் வரிசை புரியாமல் முட்டிக்கொண்டார்கள். பிறகு ஒரு பிள்ளை, முன்னால் ஆளில்லாமல் இருந்த குடத்தை நகர்த்தி வைத்தது. பின்னால் இருந்தது அதைப் பார்த்துத் தானும் செய்தது. யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை. தோழிக்குப் படம் பிடித்து அனுப்பினேன். “நீ ஜெயிச்சுட்டடி” என்று பதில் வந்தது.

தி. நகரில், கடைகளுக்கு மேலே ஒரு சின்ன அரங்கில், கேம் செய்கிறவர்கள் கூடிப் பேசும் கூட்டம் நடந்தது. எங்கள் கேமைப் பற்றிப் பேசக் கூப்பிட்டிருந்தார்கள். அக்கவுண்ட் வைத்திருப்பவரைத்தான் கூப்பிட்டிருந்தார்கள். கீழே துணிக்கடைக் கூட்டத்தைப் பிளந்துகொண்டு நான் போய்ச் சேர்ந்தபோது அவள் மேடையில் இருந்தாள். இந்த யோசனை எப்படி வந்தது என்று யாரோ கேட்டார்கள்.

“அந்த மாதிரி ஏரியா ஒண்ணுக்கு ஃபீல்டு விசிட் போனோம்” என்றாள். “அங்க இருக்கறவாளோட பேசினோம். ரொம்ப இன்ஸ்பைரிங்கா இருந்தது.”

அந்த நாற்காலியை அம்மா முந்தானையால் துடைத்தது எனக்கு நினைவுக்கு வந்தது.

“டெஸ்டிங்ல என் ஃப்ரெண்டும் ஹெல்ப் பண்ணா. அதோ இருக்கா, எழுந்திருடி.” கை தட்டினார்கள். நான் எழுந்து நின்றேன். உட்கார்ந்தேன்.

பேச்சு முடிந்ததும் ஒருவர் அவளிடம் வந்தார். “கான்செப்ட் சூப்பர்மா. ஆனா சும்மா நின்னுக்கினே இருந்தா எவன் ஆடுவான்? அடிதடி எங்க?” என்றார். அவள் அதைப் போனில் குறித்துக்கொண்டாள். நான் பார்த்தேன்; மரியாதைக்குச் செய்கிறாள் என்று நினைத்தேன்.

பொத்தானைப் பற்றி எனக்குத் தெரிந்தது அலுவலகத்தில், சாப்பாட்டு நேரத்தில். பக்கத்து மேசையில் இரண்டு பையன்கள் ஒரு போனைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

“மச்சி, இத்த கேளேன்.”

கீச்சென்று, எலி கத்துவது போல ஒரு சத்தம். “யாருகொடம்அது! யாருகொடம்அது!”

“சீ, யார்ரா இது?”

“ஏஐ மச்சி. இப்போ எல்லாமே ஏஐதான். குடத்த ஒதச்சா கத்தும். ஒதைச்சுக்கினே இருக்கலாம், செம காமெடி.”

குரலின் வேகத்தைக் கூட்டியிருந்தார்கள். இருந்தும் “கொடம்” என்பதில் அம்மா வைக்கும் அழுத்தம் அப்படியே இருந்தது. நான் டிபன் பாக்ஸை மூடிவிட்டு என் மேசைக்குப் போய்த் தளத்தைத் திறந்தேன். வரிசைக்குப் பக்கத்தில் புதிதாக ஒரு சிவப்புப் பொத்தான்: உதை. உதைத்தால் குடம் உருண்டு ஆற்றில் விழும், அம்மா கத்துவாள், உதைத்தவருக்கு பாயிண்ட். ஒருவரும் நகர்த்திக்கொண்டிருக்கவில்லை.

எடிட் அனுமதி அப்போது என்னிடம் இருந்தது. குரலை மட்டும் நீக்கினேன். பொத்தானைத் தொடவில்லை. மறுநாள் குரல் திரும்ப வந்திருந்தது. என் அனுமதி போயிருந்தது.

லஸ் அருகே ஒரு ஜூஸ் கடையில் அவளைச் சந்தித்தேன். நேரத்துக்கு வந்திருந்தாள்.

“என்னைக் கேக்காம எப்படிடி தூக்கின?” என்றாள்.

“நீ என்னைக் கேட்டியா?”

“அய்யோ, நீ வேலைல பிஸியா இருந்த. ஜனங்க வரா, போறா, வரிசைல நிக்க மாட்டேங்கறா. நான் என்ன பண்ணட்டும்? இப்போ பாரு, என் தம்பியோட கிளாஸே ஆடிண்டு இருக்கு.”

“பொத்தான் இருக்கட்டும். அம்மா குரலை எடுத்துடு.”

“அதுதாண்டி ஹிட்டே. அது இல்லேன்னா வெறும் குடம்.” பிறகு குரலைத் தாழ்த்தினாள். “வர்ற காசுல பாதி உனக்கு. நான் ஏமாத்தறவ இல்ல.”

“நான் அதைக் கேக்கல.”

“ஆன்ட்டி ஒண்ணும் நெனச்சுக்க மாட்டாடி. எவ்வளவு ஜாலியான மனுஷி. கேம்டி இது, கேம்.”

அவள் பொய் சொல்கிறவள் இல்லை. ஏமாற்றுகிறவளும் இல்லைதான். என் அம்மாவை அவளுக்குப் பிடிக்கும். இவை எல்லாம் உண்மை. ஜூஸை முடிக்காமல் எழுந்தேன்.

பழைய வடிவத்தைப் புதிய அக்கவுண்டில், ஜூன் தேதியோடு, காத்திருப்புக் காலம் முடிந்ததும் வெளியிட்டேன். ஏற்கெனவே வேறொருவர் வெளியிட்ட கேமின் நகல் என்று சொல்லி எடுத்துவிட்டார்கள். முறையீடு செய்தேன். முதலில் வெளியிட்டவர் யார் என்பதே அவர்களுக்குக் கணக்கு. முதலில் வெளியிட்டவள் அவள்.

அடுத்து வந்த ஞாயிற்றுக்கிழமை அம்மாவைப் பார்க்கப் போனேன். சொல்லாமல் இருக்கலாம் என்றுதான் போனேன். ஆனால் அடுக்குமாடியின் கீழே பிள்ளைகள் அந்தக் குரலைப் போட்டுக்கொண்டிருந்தார்கள். அம்மாவே கேட்டாள்.

“இன்னாடி அது, என்னய மாரியே ஒரு எலி கத்திக்கினு கீது?”

காட்டினேன். அம்மா போனைக் கண்ணருகே பிடித்துப் பார்த்தாள். முதலில் சிரித்தாள். “நம்ம சந்தே தான். லாரிய பாரேன்.” ஒரு பொம்மை குடத்தை உதைத்தது. இன்னொன்று உதைத்தது. அம்மாவின் சிரிப்பு நின்றது.

“கால்லயா தள்றாங்க?”

“ஆமா.”

“நான் பேசிக் குடுத்தது தூக்காதன்னுதானே? ஒதைக்கறப்போ நான் ஏன் கத்திக்கினு கீறேன்?” போனைத் திருப்பித் தந்தாள். “அந்தப் பொண்ணு ஒரு வார்த்த உன்னாண்ட கேக்கலயா?”

“இல்லம்மா.”

“சேர் போட்டு ஒக்கார வெச்சனே” என்றாள். மேல் மாடிக் குழாயில் தண்ணீர் வரும் நேரம்; எழுந்து போய்விட்டாள்.

தளத்தில் குரல் பற்றிப் புகார் கொடுக்க ஒரு வழி இருக்கிறது. குரலுக்கு உரியவரே கொடுக்க வேண்டும், மகள் கொடுக்க முடியாது. அம்மாவின் பெயரில் எழுத ஆரம்பித்தேன். பிறந்த தேதி கேட்டது. அம்மாவின் அட்டையில் வருடம் மட்டும்தான் இருக்கிறது. தேதியும் மாதமும் கிடையாது. எந்த மாதம் என்று அம்மாவைக் கேட்டேன்.

“எனக்கு இன்னா தெரியும்? எதுனா போடு.”

ஜனவரி ஒன்று என்று போட்டேன். அட்டையோடு பொருந்தவில்லை என்று வந்தது. அந்தக் கட்டத்தை வெறுமையாக விட்டால் அடுத்த பக்கம் திறக்கவில்லை. உதவிக்குழுவுக்கு எழுதினேன், அட்டையில் உள்ளபடி முழுத் தேதியை நிரப்பவும் என்று பதில் வந்தது. அட்டையில் முழுத் தேதி இல்லை என்று மறுபடி எழுதினேன். அதே பதில் மறுபடி வந்தது.

இன்றைய நிலை இது. கேம் அவளுடைய அக்கவுண்டில் இருக்கிறது. பொத்தானும் குரலும் இருக்கின்றன. அவளும் நானும் பேசுவதில்லை. பழைய வடிவம் என் மடிக்கணினியில் இருக்கிறது. திறந்தால் ஓடும், ஆனால் பின்னால் நிற்க இன்னொருவர் வேண்டும். தனியாக ஆடினால் குடம் வைத்த இடத்திலேயே நிற்கும். அம்மாவின் புகார் பிறந்த தேதியோடு நின்றுவிட்டது, இன்னும் பதிவாகவில்லை.