நின்றவர்களும் என் அம்மாவும்

ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்கு இசைத்தட்டின் மேல் ஊசி இறங்கும்போது, இசை தொடங்குவதற்கு முன் ஒரு கரகரப்பு வருமே, தாம்பாளத்தில் ரவையைக் கொட்டுவது போல, அதை இன்றைக்கு எங்கே கேட்டாலும் என் தோள்கள் தாமாக விறைத்துக்கொள்கின்றன. மயிலாப்பூரில் தெப்பக்குளத்துக்குப் பின்னால், இரண்டாவது மாடியில் இருந்த எங்கள் வாடகை வீட்டுக் கூடத்தில், அண்ணாவும் நானும் ஒரு மணி நேரம் காலை மடக்கி உட்கார்ந்து, இருநூறு வருஷத்துக்கு முன் ஐரோப்பாவில் செத்துப்போன ஒருவர் ஃபிடில்களையும் எக்காளங்களையும் வைத்துக்கொண்டு என்ன சொல்ல வருகிறார் என்று கவனிக்க வேண்டும். இருமக் கூடாது. அப்பா கண்ணை மூடிக்கொண்டிருப்பார். ஆனால் யார் அசைந்தாலும் அவருக்குத் தெரிந்துவிடும்.

அப்பா கல்லூரியில் ஆங்கிலம் சொல்லிக்கொடுத்தவர். கூடத்துக் கண்ணாடி பீரோவில் ஆங்கிலேயர், பிரெஞ்சுக்காரர், ருஷ்யர் என்று நாடுவாரியாகப் புத்தகங்களை அடுக்கி, வாரம் தவறாமல் தானே துடைப்பார். எழுதியவரோ இசையமைத்தவரோ, இருநூறு வருஷம் தாண்டியும் பெயர் அழியாமல் இருந்தால் அவர்கள் அப்பாவுக்கு "நின்னவா". மற்ற எல்லாரும், பக்கத்துச் சபாவில் பாடியவர்கள் உட்பட, "வந்துட்டுப் போறவா". அந்த இரண்டாவது கூட்டத்தில் முதல் ஆளாக அவர் வைத்திருந்தது என் அம்மாவை.

அம்மா கதை எழுதினாள். நாங்கள் பள்ளிக்கூடம் போனபின், சமையல் மேடையருகே நின்றுகொண்டே, ஒரு பக்கம் குக்கர் விசிலை எண்ணியபடி எழுதுவாள். வாரப் பத்திரிகை ஒன்றில் ஏழெட்டு வருஷம் அவள் கதைகள் வந்தன. மேல் மாடி மாமி மாடிப்படியில் அம்மாவை மறித்து, கதையில் வந்த மாமியாருக்காகச் சண்டை போடுவாள். அப்பா மட்டும் சாப்பிடும்போது, கோபமே இல்லாமல், பரீட்சைத் தாள் திருத்துகிற குரலில் கேட்பார்: "இருநூறு வருஷம் கழிச்சு இதை யார் படிப்பா?"

"இருநூறு வருஷம் கழிச்சு வரவாளுக்கு நான் எழுதலை. மேலாத்து மாமிக்கு எழுதறேன்" என்பாள் அம்மா, அவருக்கு ரசம் விட்டுக்கொண்டே.

அந்தக் கதைகளைக் கத்தரித்து, மூன்று தொகுதியாக பைண்ட் பண்ணி, சிவப்பு அட்டை போட்டு, அப்பாவின் பீரோவிலேயே அடித்தட்டில் வைத்திருந்தாள்.

நான் ஆறாம் வகுப்பு படித்த வருஷம், ஓய்வு பெற்ற ஒரு சக பேராசிரியரிடமிருந்து ஒரு ஜெர்மானிய மேதையின் எல்லா எழுத்தும் அடங்கிய வரிசை அப்பாவுக்குக் கிடைத்தது. தடித்தடியாக இருபது தொகுதிகள். அன்று அம்மா தியாகராய நகரில் சித்தியின் சீமந்தத்துக்கு அண்ணாவை அழைத்துக்கொண்டு போயிருந்தாள். அப்பா அடித்தட்டைக் காலி செய்து, பழைய பேப்பர்காரரைக் கூப்பிட்டார். அவர் சிவப்புத் தொகுதி ஒன்றைத் திருப்பிப் பார்த்தார்.

"இன்னா சார், தெச்சு அட்டையெல்லாம் போட்டுக்கீது. வோணாமா?"

"எடுத்துண்டு போப்பா."

நான் கதவருகில் நின்றிருந்தேன். அது என்ன புத்தகம் என்று எனக்குத் தெரியும். வாயைத் திறக்கவில்லை. பயத்தினால் என்று பல வருஷம் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன், உண்மை அதுவல்ல. அப்பா சொன்னதை நான் நம்பியிருந்தேன்.

சாயங்காலம் வந்த அம்மா, பீரோவில் தங்க எழுத்து மின்னிய புது வரிசையைப் பார்த்தாள். "எடம் இல்லை. எல்லாம் பத்திரிகைல வந்ததுதானே, அங்கே இருக்கும்" என்றார் அப்பா.

மறுநாள் காலை என்னை அழைத்துக்கொண்டு மந்தைவெளியில் அந்தப் பேப்பர் கடைக்குப் போனாள். கடைக்காரர் தலையைச் சொறிந்தார். "நேத்தே பிரிச்சு, கவர் ஒட்றவங்க எத்துக்கினு பூட்டாங்கம்மா. அட்டை மட்டும்தான் கீது, குடுக்கட்டுமா?"

"வேண்டாம்ப்பா."

திரும்பி வரும் வழியில் ஒரே ஒரு கேள்விதான் கேட்டாள். "நீ ஆத்துலதானே இருந்தே?"

"ஆமாம்மா."

அதற்குமேல் ஒன்றும் கேட்கவில்லை. கேட்டிருக்கலாம்.

அடுத்த ஞாயிறு, இசை மெதுவாகக் குழைந்து, அப்பாவின் முகம் உருகத் தொடங்கிய இடத்தில், சமையலறையில் கிரைண்டர் ஓட ஆரம்பித்தது. அப்பா கண்ணைத் திறந்தார்.

"சித்த நேரம் கழிச்சு அரைக்கப்படாதா?"

"நாளைக்கு இட்லி வேணும்னா இப்பத்தான் அரைக்கணும்."

வாராவாரம் பத்து மணிக்கு அரைத்தாள். நாலு மாதத்தில் அப்பா இசைத்தட்டுகளைக் கட்டிப் பரண்மேல் போட்டுவிட்டார். அம்மா ஜெயித்தாள் என்று எழுத எனக்கு ஆசைதான். ஆனால் அந்தச் சீமந்தத்துக்குப் பிறகு அவள் ஒரு வரிகூட எழுதவில்லை.

கல்லூரியில் அந்த "நின்னவா" பலரை நானும் படித்தேன். சிலர் பெரியவர்கள்தான், மறுக்கவில்லை. ஆனால் ஒருவரும் தானாக நிற்கவில்லை. அவர்கள் ஊரில் சிலை வைத்தார்கள், பிறந்த வீட்டைப் பூட்டிக் காத்தார்கள், பாடத்திட்டத்தில் ஏற்றிக் கப்பலில் அனுப்பினார்கள். இங்கே பனியையே பார்த்திராத என் அப்பா, சம்பளமில்லாமல் முப்பது வருஷம் அவர்கள் தூசியைத் துடைத்தார். இத்தனை பேர் தாங்கிப் பிடித்தால் எதுதான் நிற்காது? அம்மாவுக்கு வேண்டியிருந்தது ஒரு தட்டில் ஒரு சாண் இடம். காலம் அவளைத் தள்ளவில்லை. ஒரு மனிதர், ஒரு மத்தியானத்தில் தள்ளினார். அதற்குக் காலத்தின் பெயரைச் சொன்னார். அப்பா போய் ஒன்பது வருஷமாகிறது. இன்னும் அவரை மன்னிக்க முடியவில்லை.

அந்தப் பத்திரிகை நின்றுபோய், அலுவலகம் இருந்த இடத்தில் அடுக்குமாடி வந்துவிட்டது. போன மாதம் கோட்டூர்புரத்தில் பழைய இதழ்கள் சேர்க்கும் ஒருவரைத் தேடிப் போனேன். "தீபாவளி மலர்னா சொல்லுங்க, இருக்கு. வாராவாரம் வந்ததை யாரும் எடுத்து வைக்கலையேம்மா" என்றார்.

அம்மா இப்போது பாலவாக்கத்தில் என்னோடு இருக்கிறாள். எண்பத்து மூன்று வயது. அன்று வீட்டுக்கு வந்ததும், எனக்குப் பாதி மட்டும் நினைவிருந்த ஒரு தொடர்கதையைச் சொல்லி, வீட்டை விட்டுப் போன அந்த மாம்பலத்துப் பெண் கடைசியில் என்ன ஆனாள் என்று கேட்டேன். மாத்திரையை விழுங்கிவிட்டு, வெகுநேரம் யோசித்தாள்.

"ஞாபகம் இல்லைடி. நன்னா முடிச்சிருந்தேன். அது மட்டும் தெரியறது."