அப்பா இல்லாத காட்சி

படத்தின் தொடக்கத்தில் பெயர்கள் ஓடும்போதே பேரன் பொத்தானை அழுத்தித் தாண்டிவிடுகிறான். எனக்குப் பதறுகிறது. படத்தொகுப்பு என்று போட்டு ஒரு பெயர் வரும். மூன்று நொடி நின்றால் அதிகம். என் தாய்மாமன் முப்பத்தொரு படங்களில் அப்படி வந்து போனார். கூட்டிப் பார்த்திருக்கிறேன், ஒன்றரை நிமிடமும் மூன்று நொடியும். அவர் பிழைப்பில் ஊர் பார்த்தது அவ்வளவுதான்.

அதில் ஒரு படத்தின் ஒரு காட்சியை விருத்தாசலத்தில், அப்பா வேலை பார்த்த பீங்கான் பொம்மைக் கம்பெனியில் எடுத்தார்கள். எனக்கு ஒன்பது வயது. தாயைப் பறிகொடுத்த கதாநாயகன் சூளையருகே நின்று அழ வேண்டும். பின்னால் தொழிலாளர்கள் பொம்மைகளைச் சுமந்துகொண்டு போக வேண்டும். அப்பாவும் அவர்களில் ஒருவர். மாமா வரவில்லை. எடுத்துவந்ததைச் சென்னையில் ஓர் இருட்டறையில் உட்கார்ந்து வெட்டி ஒட்டுவதுதான் அவர் வேலை.

படம் ஊருக்கு வந்ததும் தெருவில் பதினேழு பேரையும் கம்பெனி மேஸ்திரியையும் அப்பா டாக்கீஸுக்கு அழைத்துப் போனார். சூளைக் காட்சி வந்தது. கதாநாயகன் அழுதான். பின்னால் மூன்று பேர் போனார்கள், ஒரு கழுதை போனது, காட்சி மாறிவிட்டது.

"ஒன் மச்சினனே ஒன்னக் கழிச்சுட்டானா?" என்றார் மேஸ்திரி. வரிசையே சிரித்தது. மறுநாளிலிருந்து கம்பெனியில் அப்பாவுக்கு 'ஸ்டாரு' என்று பெயர் விழுந்தது. அப்பா டீ குடிக்கப் போவதைக்கூட நிறுத்திக்கொண்டார்.

மாசி மகத்துக்கு மாமா வந்தார். சாப்பிட உட்கார்ந்தவரிடம் அப்பா ஆரம்பித்தார்.

"ஏன் மாப்ள, கழுத இருக்குது. நான் எங்கடா?"

"படம் நீளமா போச்சுங்க மச்சான்."

"கழுதைக்கு நீளம் இல்ல, எனக்கு வந்தா மட்டும் நீளமா?"

"நெஜத்தச் சொல்லுடா தம்பி. மனுசன் வெளிய தலகாட்ட முடியாம கெடக்குறாரு" என்றாள் அம்மா.

மாமா இலையைப் பார்த்தார். "நான்தான் வெட்டுனேன். என்னத் திட்டிக்கிங்க மச்சான்."

"நான் மேல வந்துட்டா ஒனக்குப் பொறுக்காது. இனிமே இந்த வூட்டுப் பக்கம் வராத."

மாமா பாதிச் சோற்றில் எழுந்து கை கழுவினார். அதன் பிறகு அவர் எங்கள் வீட்டுக்கு வந்தது ஒரே ஒரு முறை, பத்தொன்பது வருடம் கழித்து, அப்பா இறந்த அன்று. அன்றும் வாசலோடு நின்றுவிட்டுப் போனார். இன்று அவரும் இல்லை.

சாப்பாட்டைப் பாதியில் விட்ட அந்த நாளில், அவருடைய பையைத் தூக்கிக்கொண்டு ஜங்ஷன் வரை நான் போனேன். ரயில் ஏறுவதற்கு முன் சட்டைப் பையிலிருந்து ஒரு முழ நீளத்துக்குப் பிலிம் எடுத்துக் கொடுத்தார்.

"இருவத்துநாலு படம் இருக்குதுடா. ஒரு நொடி ஓடும். ஒங்கப்பாகிட்டக் காட்டிப் புரிய வைக்கலாம்னுதான் கொண்டாந்தேன். மனசு வரல. நீயும் காட்டிடாத, தாங்க மாட்டாரு."

ரயில் போனதும் பிலிமை வெயிலுக்கு நேரே பிடித்து எண்ணினேன். இருபத்துநான்கும் இருந்தன. முன்னால் கதாநாயகன் முகத்தைப் பொத்திக்கொண்டு அழுகிறான். பின்னால், நடந்து போகச் சொன்ன இடத்தில், பொம்மைப் பலகையைத் தோளில் வைத்துக்கொண்டு அப்பா நிற்கிறார். கடைவீதி ஸ்டூடியோவில் படம் எடுத்துக்கொள்வதுபோல நிமிர்ந்து, கேமராவையே பார்த்து, பல் தெரியச் சிரிக்கிறார். ஒன்றில்கூட முகம் திரும்பவில்லை.

எழவுக் காட்சியில் அந்தச் சிரிப்பு வந்திருந்தால் டாக்கீஸே வெடித்துச் சிரித்திருக்கும், இந்த டாக்கீஸ் மட்டுமல்ல, படம் ஓடிய ஊரெல்லாம் என்பது ஒன்பது வயதில் எனக்கு எட்டவில்லை. அப்பா அவ்வளவு அழகாகச் சிரித்து நான் பார்த்ததில்லை. இந்தச் சிரிப்பைப் போய் வெட்ட எப்படித்தான் கை வந்தது என்று, வீடு வரும்வரை மாமாவை மனசுக்குள் திட்டிக்கொண்டே நடந்தேன்.